பழைய கோப்பில் ‘ஹைப்போஜெனிடலிசம்’ என்று எழுதியிருக்கிறது: இது நோயா, டாக்டர்?

கேள்வி: எனக்கு 27 வயது. போன மாதம் வீடு மாறியபோது, அம்மா பத்திரப்படுத்தி வைத்திருந்த பழைய மருத்துவக் கோப்பு ஒன்று கையில் கிடைத்தது. அதில் என் 11 வயதில் எழுதிய ஒரு தாள். எடை 61 கிலோ, உயரம் 142 செ.மீ. என்று குறித்துவிட்டு, கீழே ‘ஒபீசிட்டி’ என்றும் அதற்கடுத்த வரியில் ‘ஹைப்போஜெனிடலிசம்’ என்றும் எழுதி, பக்கத்தில் ஒரு பிளஸ் குறி போட்டிருக்கிறார்கள். அதற்குப் பிறகு அந்த மருத்துவரிடம் போனதாக நினைவில்லை. சொல்லைத் தேடிப் பார்த்தேன். ஓரிடத்தில் ‘பிறப்புறுப்பு வளர்ச்சிக் குறைவு’ என்று இருந்தது. இன்னோரிடத்தில் ‘ஆண்மைக்குறைவு’ என்று இருந்தது. மூன்றாவது இடத்தில் உடல் பருமன், கூடுதல் விரல், பார்வை இழப்பு எல்லாம் சேர்ந்து வரும் ஒரு பரம்பரை நோயைப் பற்றி எழுதியிருந்தார்கள். என் விரல்களை எண்ணிப் பார்த்தேன். இப்போது என் உயரம் 171, எடை 78. குரல் 15, 16 வயதில் உடைந்தது. ஒருநாள் விட்டு ஒருநாள் சவரம் செய்கிறேன். வேறு தொந்தரவு எதுவும் தெரியவில்லை. எட்டு மாதத்தில் எனக்குத் திருமணம். மூன்று வாரமாகச் சரியாகத் தூங்கவில்லை. இது நோயா? அவளிடம் சொல்லியாக வேண்டுமா? (பெயர் வேண்டாம்.)

பதில்:

தம்பி, விரல்களை எண்ணிப் பார்த்தேன் என்று நீங்கள் எழுதிய இடத்தில் சிரித்துவிட்டேன், மன்னியுங்கள். தூக்கமில்லை என்ற வரிக்கு வந்ததும் சிரிப்பு அடங்கிவிட்டது. முப்பது ஆண்டுகளாக நாளமில்லாச் சுரப்பி மருத்துவம் பார்க்கிறேன். ஒற்றைச் சொல்லைத் தாளில் கண்டு தூக்கம் தொலைத்தவர்களை நோயால் தூக்கம் தொலைத்தவர்களுக்குச் சமமாகவே பார்த்திருக்கிறேன்.

கேட்டதற்கு முதலில் பதில். நீங்கள் தந்திருக்கும் விவரங்களைக் கொண்டு பார்த்தால், அந்தத் தாளில் இருப்பது ஒரு நோயின் பெயராக இருக்க வாய்ப்பு மிகக் குறைவு. ஆனால் ‘ஒன்றுமில்லை, போய்த் தூங்குங்கள்’ என்று கடிதத்தைப் படித்துவிட்டே சொல்லிவிடவும் எனக்கு மனமில்லை. ஒரு கைப்பரிசோதனையும் ஓரிரு நாள் காலை இரத்தப் பரிசோதனையும் பாக்கி இருக்கின்றன. ஏன் பாக்கி என்பது புரிய வேண்டுமானால், அந்தச் சொல்லைக் கொஞ்சம் பிரித்துப் பார்க்க வேண்டும்.

‘ஹைப்போ’ கிரேக்கச் சொல். கீழே, குறைவாக என்று பொருள். ‘ஜெனிடல்’ லத்தீனிலிருந்து வந்தது. பிறப்பிப்பது என்பது அதன் வேர். நாம் பிறப்புறுப்பு என்று சொல்வதும் அதே பொருளில்தான். ‘இசம்’ என்றால் ஒரு நிலை. ஆக, பிறப்புறுப்புகள் அந்த வயதுக்கு இருக்க வேண்டிய அளவுக்கு வளராமல் இருக்கும் நிலை. அவ்வளவுதான் அந்தச் சொல் சொல்கிறது. ஏன் வளரவில்லை, இனி வளருமா, குழந்தை பிறக்குமா என்ற எதையும் அது சொல்லவில்லை. காலில் வீக்கம் என்று ஒரு மருத்துவர் குறித்து வைத்தால் அது இதயத்தாலா, சிறுநீரகத்தாலா, வெறும் சுளுக்காலா என்று அந்தக் குறிப்பிலிருந்து தெரியாதல்லவா? இதுவும் அந்த வகைதான். கண்ணில் பட்டதைக் குறித்து வைக்கும் சொல். பக்கத்தில் போட்ட பிளஸ் குறிக்கு ‘தென்படுகிறது’ என்று பொருள். உடனே அதைப் பாசிட்டிவ் ரிசல்ட் என்று எடுத்துக்கொள்ளாதீர்கள். பரிசோதனைச் சாலையிலிருந்து வந்த முடிவு அல்ல அது.

இதற்கு ஒட்டி வைத்தாற்போல இன்னொரு சொல் இருக்கிறது: ஹைப்போகோனாடிசம். தேடும்போது இதையும் பார்த்திருப்பீர்கள். பலரும் இரண்டையும் ஒன்றாக்கிக் குழப்புகிறார்கள், மருத்துவ மாணவர்கள் உட்பட. ‘கோனாட்’ என்பதற்கு வேரான கிரேக்கச் சொல்லுக்கு விதை என்று பொருள். நம் வழக்கிலும் அதற்கு விதை என்றுதான் பெயர், பாருங்கள். இந்தச் சொல் விதையின், பெண்களுக்கானால் சினைப்பையின், வேலை குறைந்திருப்பதைக் குறிக்கிறது. ஹார்மோன் சுரப்பது குறைந்திருக்கலாம், விந்தணு அல்லது கருமுட்டை உருவாவது குறைந்திருக்கலாம், இரண்டுமே குறைந்திருக்கலாம். ஒன்று உறுப்பின் அளவைப் பற்றியது, மற்றது சுரப்பியின் உழைப்பைப் பற்றியது. முதலாவதைக் கண்ணாலும் அளவுகோலாலும் சொல்லலாம். இரண்டாவதற்கு இரத்தப் பரிசோதனை வேண்டும்.

இரண்டும் அடிக்கடி சேர்ந்து வரும் என்பது உண்மை. சுரப்பி உழைக்காவிட்டால் உறுப்பு வளராது. ஆனால் எப்போதும் சேர்ந்தே வரும் என்று நினைத்தால் தவறு, அங்கேதான் விஷயமே இருக்கிறது. ஹார்மோன் ஏராளமாகச் சுரந்தும், உடலின் திசுக்கள் அதை ஏற்றுக்கொள்ளாத பிறவி நிலைகள் உண்டு. அவர்களுக்கு உறுப்பு வளர்ந்திருக்காது, சுரப்பி நன்றாகவே வேலை செய்யும். மறுபக்கம், 1942-ல் விவரிக்கப்பட்ட க்ளைன்ஃபெல்டர் நிலையில், வெளியே பார்க்க எல்லாம் ஏறக்குறைய இயல்பாகவே இருக்கும்; விதைகள் மட்டும் சிறுத்து, கெட்டியாக இருக்கும். அதற்குக் காரணம் கூடுதலாக ஒரு எக்ஸ் குரோமோசோம் என்பது 1959-ல் தெரியவந்தது. ஆண்களில் ஏறத்தாழ அறுநூறு பேருக்கு ஒருவருக்கு இது உண்டு. சவரம் செய்துகொண்டு, வேலைக்குப் போய்க்கொண்டு, திருமணமும் செய்துகொண்டு, குழந்தை இல்லையே என்று பரிசோதனைக்கு வரும்போதுதான் பலருக்குத் தெரியவரும். கடைசிவரை தெரியாமலே போகிறவர்களும் நிறைய. நீங்கள் ஒருநாள் விட்டு ஒருநாள் சவரம் செய்வதை மட்டும் வைத்து நான் உங்களைத் தட்டிக்கொடுத்து அனுப்பாததற்கு இதுதான் காரணம்.

இப்போது உங்கள் தாளுக்கு வருவோம். அதில் என்னை உறுத்துவது அந்தச் சொல்லைவிட அதைச் சுற்றி இல்லாமல் போனவைதான். அளவு இல்லை. விதையின் கொள்ளளவு இல்லை. பருவ வளர்ச்சி எத்தனையாவது நிலை என்ற குறிப்பும் இல்லை. 11 வயது என்று மட்டும் இருக்கிறது, அந்த வயதே பாதி பதிலைச் சொல்லிவிடுகிறது. ஆண் பிள்ளைகளுக்குப் பருவ வளர்ச்சி தொடங்குவது சராசரியாக 11, 12 வயதில்தான். 9 முதல் 14 வரை எப்போது தொடங்கினாலும் அது இயல்பே. 14 முடிந்தும் விதைகள் பெரிதாகத் தொடங்கவில்லை என்றால்தான் நாங்கள் ‘தாமதம்’ என்ற சொல்லையே எடுப்போம். அப்படித் தாமதமாகிறவர்களிலும் பெரும்பாலோருக்கு நோய் எதுவும் கிடையாது; அவர்கள் அப்பாவோ மாமாவோ அந்தக் காலத்தில் அப்படித்தான் பிந்தி வளர்ந்திருப்பார். 11 வயதுப் பையனின் உறுப்பு வளர்ந்த ஆணுடையதுபோல இல்லை என்று யாராவது குறித்து வைத்தால், விடியற்காலை நாலு மணிக்கு எழுந்து இன்னும் வெளிச்சம் வரவில்லை என்று குறைப்படுவது போலத்தான்.

அடுத்தது எடை. 142 செ.மீ. உயரத்துக்கு 61 கிலோ என்பது அந்த வயதில் நல்ல பருமன். பருமனான பிள்ளைகளுக்கு அடிவயிற்றுக்குக் கீழே, முன்பக்க எலும்பின்மேல், கொழுப்பு ஒரு மெத்தைபோலப் படிந்திருக்கும். உறுப்பின் பெரும்பகுதி அதற்குள் புதைந்துவிடும். பார்க்கிறவருக்குச் சின்னதாகத் தெரியும். முறையாக அளப்பதென்றால் அளவுகோலின் நுனியை அந்தக் கொழுப்புக்குள் அழுத்தி, எலும்பில் இடிக்கும் வரை கொண்டுபோய், அங்கிருந்து நீட்டி அளக்க வேண்டும். இப்படி அளந்தால் பருமனான பிள்ளைகளில் மிகப் பெரும்பாலோருக்கு எண் இயல்பாகவே வரும். இதற்குப் ‘புதைந்த நிலை’ என்று பெயர். வளர்ச்சிக் குறைவு அல்ல, ஒளிந்திருப்பது.

இந்தக் குழப்பத்துக்கு ஒரு பழைய வரலாறும் உண்டு. 1901-ல் வியன்னாவைச் சேர்ந்த ஆல்ஃபிரெட் ஃபுரோலிச் என்ற மருத்துவர் ஒரு சிறுவனைப் பற்றி எழுதினார். மூளையின் அடியில் பிட்யூட்டரி சுரப்பிப் பகுதியில் கட்டி. அதோடு உடல் பருமன், பருவ வளர்ச்சியின்மை. கட்டி இருந்ததால் இவை வந்தன. அரிதான, ஆபத்தான நிலை அது. அதற்குப் பிறகு நடந்ததுதான் வேடிக்கை. கட்டி மறந்துபோனது, பருமனும் வளர்ச்சியின்மையும் மட்டும் மருத்துவர்கள் நினைவில் தங்கின. பல பத்தாண்டுகளுக்கு, கொழுகொழுவென்று வரும் பையன்களுக்கெல்லாம் ஃபுரோலிச் பெயரையோ, அதன் ஒன்றுவிட்ட தம்பியான ஹைப்போஜெனிடலிசத்தையோ சீட்டில் எழுதிவிடும் பழக்கம் பரவியது. அவர்களில் ஏறக்குறைய எல்லோருமே பருமனான, ஆரோக்கியமான பையன்கள். இரண்டு மூன்று வருடத்தில் தாமாகவே வளர்ந்துவிட்டார்கள். பாடப்புத்தகத்திலிருந்து அந்தப் பழக்கம் போய்விட்டது. பேனாவிலிருந்து முழுதாகப் போகவில்லை.

பிறரைக் குறை சொல்ல எனக்கு யோக்கியதை இருக்கிறதா என்று கேட்டால், இல்லை. பயிற்சிக் காலத்தில் நானும் இதே சொல்லை எழுதியவன். நெரிசலான புறநோயாளிப் பிரிவு, பருமனான ஒரு பையன், வெட்கத்தில் நெளிகிறான், அவன் அப்பா அவசரத்தில் நிற்கிறார். ஒரு பார்வை பார்த்தேன், எழுதினேன். மாலையில் என் மூத்த மருத்துவர் அந்தத் தாளைப் பார்த்து, “எத்தனை மில்லி?” என்று மட்டும் கேட்டார். எனக்கு விளங்கவில்லை. மேசை இழுப்பறையைத் திறந்து ஒரு மணிமாலையை எடுத்து என் முன்னால் போட்டார். முட்டை வடிவில் பன்னிரண்டு மணிகள், சிறியதிலிருந்து பெரியதுவரை நூலில் கோத்திருக்கும். ஒவ்வொன்றிலும் ஒரு எண், 1-இலிருந்து 25 வரை. சுவிட்சர்லாந்து மருத்துவர் அன்ட்ரியா ப்ராடர் 1966-ல் வடிவமைத்த ஆர்க்கிடோமீட்டர் அது. ஒரு கையால் விதையைத் தொட்டுப் பார்த்து, மறு கையில் மணிகளைத் தடவி, எந்த மணி ஒத்துப்போகிறதோ அந்த எண்ணைக் குறிக்க வேண்டும். 4 மில்லி வந்துவிட்டால் பருவ வளர்ச்சி தொடங்கிவிட்டது என்று பொருள். வளர்ந்த ஆணுக்குப் பெரும்பாலும் 15 முதல் 25 வரை இருக்கும். மறுநாள் அந்தப் பையனை வரவழைத்து அளந்தோம். 5 மில்லி. நீட்டி அளந்த எண்ணும் வயதுக்குச் சரியாகவே இருந்தது. எங்கள் பதிவேட்டில் நான் எழுதிய சொல்லை அவர் சிவப்பு மையால் அடித்தார். ஆனால் முந்தைய நாளே அந்தக் குடும்பத்தின் கையில் போன சீட்டை யாரும் திரும்ப வாங்கவில்லை. அது இன்று எந்த அலமாரியில், எந்த அம்மாவின் கோப்பில் இருக்கிறதோ! உங்கள் கடிதத்தைப் படித்தபோது அந்தச் சீட்டுதான் என் நினைவுக்கு வந்தது.

இனி உங்கள் கடிதத்தில் நீங்களே அறியாமல் தந்திருக்கும் சான்றுகள். குரல் 15, 16 வயதில் உடைந்திருக்கிறது: கொஞ்சம் பிந்தித்தான், ஆனால் தானாகவே, மருந்தில்லாமல். குரல்வளை தடிக்க ஆண் ஹார்மோனான டெஸ்டோஸ்டிரோன் வேண்டும். அதைச் சுரக்க விதை வேண்டும். விதையை முடுக்கிவிட பிட்யூட்டரி வேண்டும். சங்கிலியின் மூன்று கண்ணிகளும் அப்போது வேலை செய்திருக்கின்றன. முகத்தில் முடி வளர்ந்துகொண்டிருக்கிறது என்பதால் இப்போதும் ஓரளவுக்கேனும் செய்கின்றன.

இரண்டு விஷயங்களை நீங்கள் எழுதவில்லை, வீட்டிலேயே பார்த்துக்கொள்ளலாம். ஒன்று, வாசனை. கண்ணை மூடிக்கொண்டு சோப்பு மணமும் பூவின் மணமும் பிரித்துத் தெரிகிறதா என்று பாருங்கள். சம்பந்தமில்லாததுபோலத் தோன்றும். கருவில் இருக்கும்போது, பருவ வளர்ச்சியை இயக்கும் நரம்புச் செல்கள் மூக்குப் பகுதியில் பிறந்து, வாசனை நரம்பின் வழியே ஊர்ந்து மூளைக்குள் போகின்றன. வழி அடைபட்டால் வாசனையும் போகும், பருவ வளர்ச்சியும் நிற்கும். 1944-ல் விவரித்தவரின் பெயரால் இதைக் கால்மன் நிலை என்கிறோம். ஸ்பெயின் நாட்டு உடற்கூறியலாளர் ஒருவர் 1856-லேயே இதைக் கவனித்து எழுதியிருக்கிறார். இன்னொன்று, கைகளைப் பக்கவாட்டில் முழுதாக விரித்துச் சுவரில் சாய்ந்து நின்று, ஒரு நடுவிரல் நுனியிலிருந்து மறு நடுவிரல் நுனிவரை யாரையாவது அளக்கச் சொல்லுங்கள். பருவ ஹார்மோன் நேரத்துக்கு வராவிட்டால் எலும்பின் முனைகள் மூடாமல் கைகால்கள் நீண்டுகொண்டே போகும். விரிப்பளவு உயரத்தைவிட 5 செ.மீ.க்கு மேல் கூடியிருந்தால் நான் கவனிப்பேன். உங்களுக்கு 171-ஐ ஒட்டி வந்தால் அது நல்ல செய்தி.

விரல் விஷயத்தையும் முடித்துவிடுவோம். நீங்கள் படித்தது பார்டே-பீடல் நிலை. 1920-ல் பார்டே, 1922-ல் பீடல், இருவருக்கும் முன்பே 1866-ல் லாரன்ஸும் மூனும் இதையொத்த ஒரு குடும்பத்தை விவரித்தார்கள். விழித்திரை சிதைவு, பருமன், கூடுதல் விரல், அறிவு வளர்ச்சிக் குறை, ஹைப்போஜெனிடலிசம் என்று ஐந்தையும் அடுக்கித்தான் பழைய நூல்கள் இதைச் சொல்லின. சிறுநீரகப் பாதிப்பும் முக்கியமானது என்பது பின்னால் தெரிந்தது. 1956-ல் வெளியான ப்ராடர்-வில்லி நிலையிலும் இந்தச் சொல் வரும். அங்கே பிறந்த குழந்தை துணிபோலத் துவண்டு கிடக்கும், பால் குடிக்கத் திணறும். சில ஆண்டுகளில் அடங்காப் பசி வரும். 27 வயதில், கண் நன்றாகத் தெரிந்து, வேலை பார்த்து, இவ்வளவு கோவையாகக் கடிதம் எழுதுகிறவருக்கு இவை இரண்டும் பொருந்தாது. பருமனும் இந்தச் சொல்லும் பொதுவாக இருந்ததால் தேடுபொறி உங்களை அங்கே கொண்டுபோய் விட்டிருக்கிறது. அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய் என்பார்கள். அரண்டவன் கையில் இன்று தேடுபொறியும் இருக்கிறது.

இந்தச் சொல்லை எங்கே நான் பதறிக்கொண்டு படிப்பேன் என்றும் சொல்ல வேண்டும். பிறந்த குழந்தையின் சீட்டில். ஆண் குழந்தையின் உறுப்பு உருவாகி முடிவது கருவின் முதல் மூன்று மாதத்தில். அதற்குப் பிறகு நடப்பது வளர்ச்சி மட்டும். அந்த வளர்ச்சிக்குக் குழந்தையின் சொந்தப் பிட்யூட்டரி சுரப்பி ஆணையிட வேண்டும். ஆக, உறுப்பு செம்மையாக உருவாகி, ஆனால் மிகச் சிறிதாக இருந்தால், பிட்யூட்டரியில் ஏதோ கோளாறு என்று சந்தேகிக்க வேண்டும். நிறைமாதக் குழந்தைக்குச் சராசரி 3.5 செ.மீ. என்றால், 2.5-க்குக் கீழே இருப்பதை விசாரிப்போம். கூடவே இரத்தச் சர்க்கரை திரும்பத் திரும்ப இறங்கினால், மஞ்சள் காமாலை நாள்கணக்கில் வடியாமல் இருந்தால், அது அவசரம். அதே சுரப்பி சுரக்க வேண்டிய உயிர்காக்கும் ஹார்மோன்களும் குறைவாக இருக்கலாம். பிறந்து சில வாரம் முதல் ஆறு மாதம்வரை குழந்தையின் உடலில் ஹார்மோன்கள் ஒரு குட்டிப் பருவமடைதல்போலத் தாமாகவே உயரும். அந்த நேரத்தில் இரத்தம் எடுத்துப் பார்த்தால் பல ஆண்டுகள் கழித்துத் தெரியவேண்டியது அப்போதே தெரிந்துவிடும். விட்டுவிட்டால் அடுத்த வாய்ப்புப் பருவ வயதில்தான். விதைகள் பைக்குள் இறங்காமல் இருந்தாலும் ஆறு மாதத்துக்குப் பிறகு காத்திருக்காமல் ஒன்றரை வயதுக்குள் அறுவை சிகிச்சையை முடித்துவிடுவது நல்லது. கைக்குழந்தை வைத்திருக்கும் வாசகர்கள் யாராவது இந்தப் பத்தியைப் படிப்பார்கள் என்றுதான் இதை எழுதுகிறேன். உங்களுக்கு இது தேவையில்லை.

பெண்களும் இதே சொல்லைத் தங்கள் ஸ்கேன் அறிக்கையில் பார்க்க நேரிடும், பெரும்பாலும் ‘சிறிய கருப்பை’, ‘வளர்ச்சியடையாத கருப்பை’ என்ற வடிவில். சினைப்பை பெண் ஹார்மோனான ஈஸ்ட்ரோஜனைச் சுரக்காததால் கருப்பை சிறுத்திருந்தால், உதாரணமாக ஒரு எக்ஸ் குரோமோசோம் இல்லாத டர்னர் நிலையில், ஹார்மோன் கொடுக்கக் கொடுக்க அது வளரும். சினைப்பை நன்றாக இருந்து, மார்பக வளர்ச்சியும் இயல்பாக இருந்து, கருப்பை மட்டும் பிறவியிலேயே உருவாகாமல் இருந்தால் ஹார்மோன் கொடுத்துப் பயனில்லை; அது வேறு கதை. அறிக்கையின் ஒரே வரி இரண்டுக்கும் பொருந்தும்படி எழுதப்பட்டிருக்கும். 13 வயதுவரை மார்பக வளர்ச்சி தொடங்காவிட்டாலும், 15 வரை மாதவிலக்கு வராவிட்டாலும் காரணம் தேட வேண்டும். இங்கே இதற்கு மேல் விரித்தால் உங்கள் கேள்வி பின்னால் போய்விடும்.

நீங்கள் பார்த்த ‘ஆண்மைக்குறைவு’ என்ற மொழிபெயர்ப்பைப் பற்றி எனக்குக் கோபம் உண்டு. அந்தச் சொல்லுக்குள் விறைப்பின்மை, விந்தணுக் குறைவு, ஆசைக் குறைவு, உறுப்பின் அளவு என்று நான்கு வெவ்வேறு விஷயங்களைத் திணித்து, அதன்மேல் அவமானத்தையும் பூசி விற்கிறார்கள். நான்கும் நான்கு மருத்துவரிடம் போக வேண்டிய நான்கு சங்கதிகள். உறுப்பு சிறிதாக இருந்தும் குழந்தை பெற்றவர்கள் இருக்கிறார்கள். உறுப்பு இயல்பாக இருந்தும் ஒரு விந்தணுகூட இல்லாதவர்கள் இருக்கிறார்கள். ஹைப்போஜெனிடலிசம் என்ற சொல்லைத் தமிழில் எழுத வேண்டுமானால் ‘பிறப்புறுப்பு வளர்ச்சிக் குறைவு’ என்று எழுதினால் போதும். நான் எழுதினால் அதையும் தனியாக எழுத மாட்டேன். வயதையும் அளவையும் சேர்த்துத்தான் எழுதுவேன். மருத்துவர்கள் இப்போது அந்தச் சொல்லையே அதிகம் புழங்குவதில்லை. மைக்ரோபீனிஸ், அதாவது மிகச் சிறிய ஆணுறுப்பு, என்றால் அந்த வயதின் சராசரியிலிருந்து 2.5 திட்ட விலக்கத்துக்கும் (ஆளுக்கு ஆள் இயல்பாக இருக்கும் வேறுபாட்டை அளக்கும் புள்ளியியல் அலகு அது) கீழே என்று கணக்கே வைத்திருக்கிறார்கள். வளர்ந்த ஆண்களில் நீட்டி அளந்த சராசரி 13 செ.மீ. சொச்சம்; 9-ஐ ஒட்டிய எண்ணுக்கும் கீழே போனால்தான் அந்தப் பெயர். சிறிதாக இருக்கிறதென்று கவலைப்பட்டு வருகிறவர்களில் அந்தக் கோட்டுக்குக் கீழே இருப்பவர் மிக மிக அரிது.

செய்ய வேண்டியதைச் சொல்கிறேன். ஒரு எண்டோகிரைனாலஜிஸ்டிடம், அதாவது நாளமில்லாச் சுரப்பி மருத்துவரிடம், போங்கள். கிடைக்காவிட்டால் சிறுநீரியல் மருத்துவரிடம் (யூராலஜிஸ்ட்). கையால் விதைகளைப் பரிசோதிக்கச் சொல்லுங்கள். வெட்கப்பட்டு வேண்டாம் என்று சொல்லிவிடாதீர்கள், முழுப் பரிசோதனையிலும் அந்த ஒரு நிமிடம்தான் முக்கியம். ஸ்கேனில் அளந்தால் மணிமாலை அளவைவிட எண் கொஞ்சம் குறைவாக வரும், அதைப் பார்த்துப் பயப்பட வேண்டாம். காலை 7 முதல் 10 மணிக்குள், வெறும் வயிற்றில், டெஸ்டோஸ்டிரோன், எல்.எச்., எஃப்.எஸ்.எச். மூன்றும் பாருங்கள் (பின்னிரண்டும் பிட்யூட்டரி விதைக்கு அனுப்பும் ஆணை ஹார்மோன்கள்). மாலையில் டெஸ்டோஸ்டிரோன் இயல்பாகவே இறங்கும், சாப்பிட்டாலும் இறங்கும். முதல் முறை குறைவாக வந்தால் இன்னொரு நாள் காலையில் திரும்பப் பார்க்காமல் எந்த முடிவுக்கும் வரக்கூடாது. பெரும்பாலான பரிசோதனைச் சாலைகளில் டெசிலிட்டருக்கு 300 முதல் 1000 நானோகிராம் வரை இயல்பு என்று இருக்கும். எடை கூடினவர்களுக்கு மொத்த அளவு கொஞ்சம் குறைத்துக் காட்டும் என்பதையும் மனதில் வையுங்கள். உங்கள் 78 கிலோவில் நாலைந்து கிலோ குறைந்தால் எண்ணும் கொஞ்சம் நிமிரலாம். மற்ற இரண்டு எண்கள் எதற்கென்றால், டெஸ்டோஸ்டிரோன் குறைந்திருந்து அவை ஏறியிருந்தால் கோளாறு விதையில். குறைந்தோ, அசையாமலோ இருந்தால் கோளாறு மேலே, பிட்யூட்டரியில். விதை சிறிதாகத் தென்பட்டால் குரோமோசோம் பரிசோதனை. குழந்தை பற்றித் தெளிவு வேண்டுமென்றால் விந்துப் பரிசோதனை தனியாகச் செய்துகொள்ளுங்கள். ஹார்மோன் அறிக்கை அதற்குப் பதிலாகாது.

ஒன்று மட்டும் செய்யாதீர்கள். எண் வருவதற்கு முன்போ, கொஞ்சம் குறைவாக வந்ததும் பயந்தோ, டெஸ்டோஸ்டிரோன் ஊசியோ ஜெல்லோ தொடங்கிவிடாதீர்கள். வெளியிலிருந்து ஹார்மோன் வந்தால் பிட்யூட்டரி தன் ஆணையை நிறுத்திவிடும். விதை வேலையை விடும். விந்தணு குறைந்துபோகும், சிலருக்கு முற்றிலும் நின்றுபோகும். குழந்தை வேண்டும் என்கிற நேரத்தில் இதைவிடத் தலைகீழான வைத்தியம் கிடையாது. பிட்யூட்டரியில்தான் குறை என்று தெரிந்தால் விதையைத் தூண்டும் வேறு ஊசிகள் இருக்கின்றன. அவற்றைக் கொண்டு தகப்பனானவர்கள் என்னிடமே இருக்கிறார்கள். உறுப்பைப் பெரிதாக்கும் எண்ணெய், மாத்திரை என்று கண்ணில் படுவதற்கெல்லாம் பணம் கொடுக்காதீர்கள். பருவ வளர்ச்சி முடிந்த உடலில் அந்த வேலையைச் செய்யும் மருந்து கிடையாது.

அவளிடம் சொல்வதா என்று கேட்டிருந்தீர்கள். இன்றைக்கு உங்களிடம் சொல்வதற்கு என்ன இருக்கிறது? பதினாறு வருடத்துக்கு முன்னால் ஒருவர் அளக்காமல் எழுதிய ஒரு சொல். அதைச் சொன்னால் அவளும் தேடிப் பார்ப்பாள், அவளும் உங்கள் விரல்களை எண்ணுவாள். பரிசோதனைகளை முதலில் முடியுங்கள். எட்டு மாதம் தாராளமான காலம், இரண்டு வாரத்தில் எல்லாம் கையில் வந்துவிடும். எல்லாம் இயல்பு என்று வந்தால் சொல்வதும் விடுவதும் உங்கள் விருப்பம். நானாக இருந்தால் ஒரு வேடிக்கைக் கதையாகச் சொல்வேன். ஏதாவது குறை இருக்கிறது என்று வந்தால், அதிலும் குழந்தை சம்பந்தப்பட்டதாக இருந்தால், திருமணத்துக்கு முன்பே அவளிடம் சொல்லியாக வேண்டும். அந்தப் பேச்சை மருத்துவர் முன்னால், இருவரும் சேர்ந்து உட்கார்ந்து வைத்துக்கொண்டால் பாதிப் பாரம் குறையும். உங்கள் அம்மாவிடம் மட்டும் இப்போதே ஒன்று கேட்கலாம்: அந்த நாளில் மருத்துவர் என்ன சொன்னார் என்று. ‘எடையைக் குறையுங்கள், சரியாகிவிடும்’ என்றுதான் சொல்லியிருப்பார் என்று எனக்குத் தோன்றுகிறது. அதனால்தான் அவர்கள் திரும்பப் போகவில்லை.

பழைய தாளைக் கிழித்துப் போட்டுவிடாதீர்கள். மருத்துவரிடம் எடுத்துக்கொண்டு போங்கள்; அன்றைய உயரமும் எடையும் தேதியும் அதில் இருப்பதால் அவருக்கு அது உதவும். பரிசோதித்த பிறகு அந்த வரிக்குப் பக்கத்திலேயே இன்றைய தேதி போட்டு, வலது, இடது விதைகளின் மில்லி அளவை எழுதித் தரச் சொல்லுங்கள். அந்த இரண்டு எண்களையும் காலை டெஸ்டோஸ்டிரோனையும் எனக்கு எழுதி அனுப்புங்கள்.